பட்டி வைத்து அடைத்த பெயர்

மகனே,

உன் கடிதம் வியாழக்கிழமை மத்தியானம் வந்தது. நான் சுகம் என்று எழுதினால் நீ நம்பமாட்டாய், சுகமில்லை என்று எழுதினால் அடுத்த பஸ்ஸில் கிளம்பி ராஜபாளையம் வந்து நிற்பாய். அதனால் இரண்டையும் எழுதவில்லை. சாப்பிடுகிறேன், தூங்குகிறேன், காலையில் எழுந்து ஷெட்டைத் திறந்து வைத்துவிட்டுச் சும்மா உட்கார்ந்திருக்கிறேன். உன் அம்மா போய் எட்டு மாதம் ஆகிறது. இன்னும் அழுகை வரவில்லை. காரியத்தன்று நீ என்னைப் பார்த்த பார்வை ஞாபகம் இருக்கிறது. கல்லுக்குண்டு மாதிரி உட்கார்ந்திருக்கிறானே இந்த மனுசன் என்று நினைத்திருப்பாய். நானும் அதைத்தான் நினைத்தேன். முப்பது வருசம் ரெசினிலும் அசிட்டோனிலும் முக்கி எடுத்ததில் விரல் நுனி பத்தும் மரத்துவிட்டது, காப்பி டம்ளர் சுடுகிறதா இல்லையா என்று உதட்டில் வைத்தால்தான் தெரிகிறது. உள்ளேயும் அப்படித்தான் ஆகிவிட்டது போல.

கொச்சியில் உங்கள் கிளப்பில் பழைய பாய்ப்படகு மாடல்களுக்கு மரியாதை செய்யப் போகிறீர்கள் என்று எழுதியிருந்தாய். முதலில் சிரிப்புத்தான் வந்தது. படகுக்குச் சால்வை போர்த்துவார்களா, மாலை போடுவார்களா என்று யோசித்தேன். பிறகு, ஆயுத பூஜை அன்றைக்குக் கம்ப்ரஸருக்கும் கிரைண்டருக்கும் சந்தனம் குங்குமம் வைத்துக் கும்பிட்டவன்தானே நான், எனக்கு என்ன வாய் இருக்கிறது என்று அடங்கிவிட்டேன். எந்தப் படகைத் தேர்ந்தெடுத்தீர்கள், ஏன் என்று விவரமாக எழுதியிருந்தது பிடித்தது. ரொம்ப வேகமாக ஓடியது, ராஜா வீட்டுப் படகு என்றெல்லாம் பார்க்காமல், ஒரே அச்சு மோல்டிலிருந்து ஆயிரக்கணக்கில் வெளியே வந்து, சம்பளக்காரனும் வாங்கி ஓட்டுகிற மாதிரி இருந்து, அதற்குப் பின்னால் படகு வரைந்தவர்கள் எல்லோரும் எதிலிருந்து பாடம் படித்தார்களோ அந்தப் படகுகள். ஐந்து மாடல். அதில் ஒன்று நம் ஷெட்டுக்கு வந்த படகு. அதைப் பற்றிப் பேசப்போவது நீ. பேசப்போவதை எழுதி, நம் ஷெட்டைப் பற்றிய விவரம் சரிதானா என்று பார்க்கச் சொல்லி எனக்கு அனுப்பியிருக்கிறாய்.

விவரம் எல்லாம் சரி. ஒரு வரி மட்டும் தப்பு. "இந்தப் படகை வரைந்தவருக்குப் பத்தொன்பது வயதில் நான் ஒரு கடிதம் எழுதினேன், அவர் ஒரு வரி பதில்கூடப் போடவில்லை, பெரிய மனிதர்கள் அப்படித்தான், ஆனாலும் அவர் செய்த படகு பெரிது" என்று எழுதியிருக்கிறாய். அவர் இப்போது உயிரோடு இல்லை என்றும் எழுதியிருக்கிறாய். அடுத்த மாதம் அத்தனை பேர் முன்னால் நின்று செத்துப்போன மனுசனைப் பற்றி அதைச் சொல்லப்போகிறாய். சொல்லாதே. அவர் பதில் போட்டார். வந்த கடிதத்தை வாங்கி ஒளித்து வைத்தவன் நான்.

இதைப் படித்துவிட்டு நீ இந்தத் தாளைக் கீழே வைத்தாலும் பரவாயில்லை. பிறகு எடுத்துப் படி. நான் வரிசையாகச் சொல்கிறேன், எனக்கு வேறு மாதிரி சொல்லத் தெரியாது.

எண்பத்தஞ்சு வாக்கில், தூத்துக்குடியிலிருந்து ஒருத்தர் லாரியில் அந்தப் படகைக் கொண்டுவந்து இறக்கினாரே, அது உனக்கு ஞாபகம் இருக்கும். அதுவரை நம் ஷெட்டில் ஃபைபர் கிளாஸில் அடித்ததெல்லாம் மில்லுக்கு ஈரக்காற்று போகிற டக்ட், ஃபேன் கவர், தண்ணீர்த் தொட்டி. ஸ்ரீவில்லிபுத்தூர் ரோட்டில் போகிற பஸ்ஸிலிருந்து தலையை நீட்டி நீட்டிப் பார்த்தார்கள். டீக்கடையில் ஒரு வாரம் நம் பேச்சுத்தான், கடலே இல்லாத ஊருக்குக் கப்பல் வந்திருக்கு, இனிமே ராசபாளையத்துக்குக் கலங்கரை விளக்கம் கட்டணும் என்று. வந்தவர் சொன்னார்: "அண்ணாச்சி, இது மாதிரி எட்டு வேணும். இம்மியும் மாறக்கூடாது." நான் படகைச் சுற்றி வந்து கையால் தடவிப் பார்த்தேன். அப்போது விரலில் உணர்ச்சி இருந்தது. அந்த வளைவில் எங்கேயும் கை இடறவில்லை. இதை வரைந்தவனுக்குக் கை எம்புட்டு நிதானம் என்று நினைத்தேன். நினைத்ததை வாய்விட்டுச் சொன்னேனா என்றால் இல்லை. எட்டு நாளில் மோல்டு எடுத்துத் தாரேன் என்று மட்டும் சொன்னேன்.

படகின் பின்பலகையில் வரைந்தவர் பெயர் எழும்பின எழுத்தாக இருந்தது. மோல்டு எடுத்தபோது அதுவும் பள்ளமாக அப்படியே விழுந்திருந்தது. சாப்பாட்டு நேரத்துக்கு முன்னால் ஓட்டை அடைக்கிற பட்டியைக் குழைத்து அந்தப் பள்ளத்தை அடைத்துத் தேய்த்து மழமழவென்று ஆக்கிவிட்டேன். கால்மணி நேர வேலை. நீ பாலிடெக்னிக் முடித்துவிட்டு ஷெட்டில் இருந்தாய். வந்து பார்த்தாய்.

"பேரை எதுக்குப்பா அடைச்சிய?"

"பொறவு? எவன் பேரையோ நம்ம சாமான்ல போட்டு விக்கச் சொல்றியா?"

"அவியதான வரைஞ்சிருக்காவ. அவிய பேரு இருந்துட்டுப் போகட்டுமே."

"ஏலே, டக்ட்டுல எவன் பேரு இருக்கு? தொட்டில எவன் பேரு இருக்கு? நாம அடிச்சா நம்ம சாமான். போய் மேட்ட வெட்டு, போ."

நீ போய்க் கண்ணாடி நார் மேட்டை வெட்டினாய். ஆனால் அடைப்பதற்கு முன்னாலேயே அந்தப் பெயரை உன் நோட்டில் எழுதி வைத்திருந்தாய் என்று பின்னால்தான் தெரிந்தது. அது திருட்டு என்று எனக்கு அன்றைக்கு நிஜமாகவே தோன்றவில்லை. நம் ஊரில் ஒரு மில்லில் ஓடுகிற டக்ட்டைப் பார்த்து அடுத்த மில்லுக்கு அடித்துக் கொடுப்பதைத் திருட்டு என்று யாராவது சொன்னால் அவனைத்தான் ஒரு மாதிரிப் பார்ப்பார்கள். இதைச் சமாதானமாக எழுதவில்லை. அப்படி இருந்தேன் என்று சொல்கிறேன்.

முதல் படகு முடிந்ததும் ஐப்பசி மழையில் நிரம்பிக் கிடந்த கண்மாயில் விட்டுப் பார்த்தோம். தூரத்தில் ஆண்டாள் கோவில் கோபுரம் தெரிந்தது. நீயும் தூத்துக்குடிக்காரரும் பாயைக் கட்டிக்கொண்டு ஏறினீர்கள். புல் அறுத்துக்கொண்டிருந்த பொம்பளை ஒருத்தி, "ஏட்டி, இங்க வந்து பாரு, கண்மாய்ல கப்பல விட்டிருக்காவ" என்று கத்தி ஊரையே கூட்டிவிட்டாள். காற்று பிடித்தது. படகு ஒரு பக்கம் சாய்ந்தது. "ஏலே, கவுந்திரும், எறங்குலே" என்று கரையில் நான் கத்துகிறேன், நீ அங்கே பல்லைக் காட்டிச் சிரிக்கிறாய். கரையில் உன் அம்மா புளியோதரைத் தூக்குச்சட்டியை மடியில் வைத்துக்கொண்டு, "அவன் சிரிக்கிறதப் பாத்தியளா" என்றாள். நான் பார்த்தேன். அப்படி நீ சிரித்து அதற்கு முன்னாலும் நான் பார்த்ததில்லை, பின்னாலும் பார்த்ததில்லை. பாதிக் கண்மாய் போனதும் படகின் நடுவில் கீழே இறங்குகிற பலகை சேற்றில் குத்திக்கொண்டு படகு நின்றுவிட்டது. எல்லோரும் கைதட்டிச் சிரித்தார்கள். இடுப்பளவுத் தண்ணீரில் இறங்கித் தள்ளிக்கொண்டு வந்தாய்.

அன்றிலிருந்து நீ வரைய ஆரம்பித்தாய். அடியைக் கொஞ்சம் தட்டையாக்கி, பலகையைக் குட்டையாக்கினால் கண்மாய் மாதிரி ஆழமில்லாத தண்ணீரிலும் இந்தப் படகு ஓடும் என்பது உன் யோசனை. படகோடு வந்த அச்சுத்தாளில் இருந்த விலாசத்துக்கு, நீ வரைந்த படத்தை ஒரு கடிதத்தோடு அனுப்பினாய். தபாலாபீஸ் வரை உன் அம்மாவும் கூட வந்தாள். வெளிநாட்டுக்குத் தபால் போடுகிறவன் தன் மகன் என்று வழியில் பார்த்த நாலு பேரிடம் சொல்லிக்கொண்டே வந்தாள்.

பங்குனியில் பதில் வந்தது. நீ செட்டியார்பட்டிப் பக்கம் ஒரு மில்லில் டக்ட் மாட்டப் போயிருந்தாய். தபால்காரர் ஷெட்டில் வந்து என்னிடம் கொடுத்தார். வெளிநாட்டு ஸ்டாம்பு ஒட்டியிருந்தது. எட்டுப் படகையும் அடித்து அனுப்பியாகிவிட்டது. பெயரை அடைத்தது தெரிந்து வக்கீல் நோட்டீஸ் விட்டிருக்கிறான் என்று நினைத்துப் பயந்துபோய் ஒளித்துவிட்டேன்.

மேலே கடைசி வரியில் எழுதியது பொய். அதைக் கோடு போட்டு அடிக்காமல் விட்டிருக்கிறேன், நீயும் பார்த்துக்கொள், உன் அப்பா இந்த வயதிலும் எப்படி எழுதுகிறான் என்று. பயந்தது நிஜம். ஆனால் பயத்தோடு உறையைப் பிரித்தேன். பிரித்ததும் பயம் போய்விட்டது. எனக்கு ரெசின் டிரம்மில் இருக்கிற இங்கிலீஷைத் தாண்டி ஒன்றும் தெரியாது, ஆனால் படம் தெரியும். உள்ளே இரண்டு தாள். ஒன்று பேனாவால் எழுதிய கடிதம். இன்னொன்றில் உன் படகு. நீ வரைந்ததை வைத்துக்கொண்டு அவர் பென்சிலால் புதிதாக வரைந்திருந்தார். அடி தட்டை, பலகை குட்டை, நீ சொன்னபடியே. நீ தப்பவிட்ட வளைவு இரண்டைச் சரி செய்திருந்தார். நோட்டீஸ் விடுகிறவன் உட்கார்ந்து இவ்வளவு பொறுமையாகக் கோடு போடமாட்டான். அது எனக்கு அந்த நிமிசமே விளங்கியது.

விளங்கித்தான் ஒளித்தேன். இதைக் கொடுத்தால் நீ போய்விடுவாய். ஷெட்டில் உன்னைப் போல மேட் விரிக்க ஆள் இல்லை, நீ பூசினால் ஒரு குமிழி நிற்காது, உன்னை நம்பித்தான் பின்னால் இன்னொரு கொட்டகை போட்டிருந்தேன். இதையும் தாண்டி ஒன்று இருக்கிறது. தினமும் உன்னோடு ஒரே வட்டிலில் கைவைத்துச் சாப்பிட்ட எனக்கு நீ என்ன வரைகிறாய் என்று கேட்கத் தோன்றவில்லை. கடல் தாண்டி இருக்கிற ஒருத்தன் ஒரு தாளைப் பார்த்துவிட்டு உன்னைப் புரிந்துகொண்டான். எனக்கு ஆத்திரமாக இருந்தது. பொறாமை என்றால் பொறாமை.

நீ வாசலுக்கும் ஷெட்டுக்கும் நடப்பாய். "போஸ்ட்மேன் வந்தாராப்பா?" "வரலியே." எத்தனை தடவை சொன்னேன் என்று தெரியவில்லை. ஆடி மாதம் உன் அம்மா, "ஆண்டாளுக்கு ஒரு மாலை சாத்திட்டு வந்திருவோம், புள்ளைக்கு அந்த லெட்டர் வரட்டும்" என்றாள். நான்தான் மொபெட்டில் பின்னால் உட்கார வைத்து ஸ்ரீவில்லிபுத்தூருக்குக் கூட்டிப்போனேன். தேரோட்டக் கூட்டம். செருப்பைப் பார்த்துக்கொண்டு நான் வெளியே நிற்கிறேன் என்றேன். அவள் இடிபட்டு உள்ளே போய், உன் பெயரைச் சொல்லி மாலை கொடுத்துவிட்டு, நெற்றியில் வேர்வையும் குங்குமமுமாக வெளியே வந்து, "நல்லா வேண்டிக்கிட்டேன்" என்றாள். பால்கோவா வாங்கிக்கொண்டு திரும்பினோம். அவள் சாகிறவரை நான் சொல்லவில்லை. அவள் முகத்தை எண்ணிப் பார்த்தால் எனக்கு அழுகை வரவேண்டும். அந்த இடத்துக்கு வரும்போது மனசு பேசாமல் நின்றுவிடுகிறது.

ஒருநாள் நீ கேட்பதை நிறுத்தினாய். அது எனக்கு நிம்மதியாக இருந்தது. நாலு வருசம் ஷெட்டில் வேலை பார்த்தாய். பிறகு ஒரு சாதாரணச் சண்டையை வைத்துக்கொண்டு பையை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு, "கொச்சிக்குப் போறேன். ஒண்ணு மட்டும் செய்யுங்க. அந்தப் படகு மோல்ட ஒடச்சிப் போட்டுருங்க" என்றாய். நான் உடைக்கவில்லை. நீ லீவுக்கு வந்தபோதெல்லாம் கொட்டகைக்குப் பின்னால் கவிழ்ந்து கிடக்கிற அதைப் பார்த்தாய், அடுத்தவன் படகை இன்னும் நாலு அடித்துவிடலாம் என்று வைத்திருக்கிறேன் என நினைத்தாய். ஒருமுறை சொல்லியும் காட்டினாய். உடைக்காததற்குக் காரணம் அதுவல்ல. உன் கடிதம் அதற்குள்தான் இருந்தது.

அதைக் கிழிக்கலாம், அடுப்பில் போடலாம் என்று பார்த்தேன். எழுத்து இருக்கிற தாள் காலில் பட்டால் எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொள் என்று உனக்குச் சொல்லி வளர்த்த கை கிழிக்கவில்லை. வீட்டில் வைத்தால் உன் அம்மா கண்ணில் படும். அதனால் இரண்டு தாளையும் மோல்டின் முதுகில் பக்கத்தில் பக்கத்தில் விரித்து வைத்து, மேலே மேட் போட்டு, ரெசின் பூசி, காய்ந்ததும் சாம்பல் பெயிண்ட் அடித்துவிட்டேன். மில்லுக்குத் தொட்டி அடிக்கிறவன் கடிதத்தை ஒளிக்கிற விதம் இதுதான். பன்னிரண்டு வருசம் அதன் நிழலில் ஆடு படுத்துக் கிடந்தது.

வெள்ளிக்கிழமை காலையில் அந்த இடத்தை வாளால் அறுத்து எடுத்தேன். ஒரு மணி நேரம் ஆனது. முடித்துப் பார்த்தால் கைப்பிடியெல்லாம் ரத்தம். எப்போது வெட்டியது என்று தெரியவில்லை, வலிக்கவுமில்லை. பெயிண்டைச் சுரண்டித் தண்ணீர் தொட்டுத் தேய்த்ததும் உள்ளே தெரிந்தது. கடிதத்தாளில் பேனா எழுத்து எல்லாம் ரெசினில் ஊறிக் கரைந்து நீலக் கறையாகிவிட்டது. ஒரு சொல்லும் மிச்சமில்லை. உன்னை வரச் சொன்னாரா, திட்டினாரா, பாராட்டினாரா, இனி யாருக்கும் தெரியாது. அதை நான் உனக்குத் திருப்பித் தர முடியாது. பென்சில் கோடு மட்டும் கரையவில்லை. படம் நேற்று வரைந்தது போல இருக்கிறது.

அந்தத் துண்டைச் சாக்கில் சுற்றித் தைத்து இந்தக் கடிதத்தோடு அனுப்புகிறேன். கூட்டத்தில் அதைக் கொண்டுபோய் வை. அவர் பதில் போட்டார் என்று சொல். எட்டுப் படகில் அவர் பெயரை அடைத்தது யார், பதிலை மறைத்தது யார் என்றும் சொல். என் பெயரைச் சொல்லலாமா என்று யோசிக்காதே, சொல். உனக்கு என்மேல் என்ன தோன்றுகிறதோ அதை எனக்கு எழுதவேண்டும் என்றுமில்லை. புத்திமதி சொல்கிற தகுதி எனக்கு இல்லை, ஆனாலும் அப்பன் வாய் சும்மா இருக்காது: நீ படகு கட்டுகிற யார்டில் எவனாவது ஒரு தாளை நீட்டி, இதைப் பாருங்கள் என்றால் கையைத் துடைத்துக்கொண்டு வாங்கிப் பார். உன் மகளுக்கு வருகிற தபாலை அவள் கையில் கொடு.

உறையைப் பிரித்த அன்றைக்கு நான் அந்தப் படத்தில் படகை மட்டும்தான் பார்த்தேன். கண்ணாடி போட்டுக்கொண்டு இப்போதுதான் முழுசாகப் பார்க்கிறேன். வலது கைப் பக்கம் கீழ் மூலையில், வரைந்தவர் பெயர் போடுகிற கட்டம் இருக்கிறது. பின்பலகையில் நான் அடைத்த பெயர்தான் அங்கே இருக்கும் என்று எழுத்துக் கூட்டிப் பார்த்தேன். இல்லை. உன் பாலிடெக்னிக் சர்டிபிகேட்டில் இருக்கிற மாதிரியே, இனிஷியலோடு, உன் பெயர் இருக்கிறது. படம் முழுக்கத் தேடிவிட்டேன், அவர் தன் பெயரை எங்கேயும் எழுதவில்லை.

இப்படிக்கு என்று போட்டு என் பெயரை எழுத வரவில்லை. அதன் முதல் எழுத்தை அவர் அந்தக் கட்டத்தில் உன் பெயருக்கு முன்னால் எழுதிவைத்திருக்கிறார். அங்கே பார்த்துக்கொள்.